கபுரிலிருந்து நீண்ட கை
தொன்மத் தொகுப்புகளும் சேதுக் கரையின் கதைகளும்

உலகப் பண்பாடுகளின் தொன்மங்களையும் மரபுக் கதைகளையும் திரட்டித் தரும் நூல்களுக்கு இன்று குறைவில்லை. கடைகளில் காணும் வண்ணப் பதிப்புகளுள் பெரும்பாலானவை மூன்று மூல நூல்களின் நிழலில் வளர்ந்தவை. ஜேம்ஸ் ஃபிரேசரின் 'பொற்கிளை' 1890-இல் இரு தொகுதிகளாக வெளிவந்தது. ஸ்டித் தாம்சனின் நாட்டார் கதைக்கூறுகளின் அடைவு 1932-க்கும் 1936-க்கும் இடையே ஆறு தொகுதிகளாக வந்தது. ஜோசப் கேம்பலின் 'ஆயிரம் முகங்கொண்ட நாயகன்' 1949-இல் அச்சேறியது. இம்மூவரின் உழைப்பைக் குறைத்து மதிப்பிட நமக்கு எண்ணமில்லை. எனினும் இந்நூல்களைக் கற்ற பின்னர் நம் கடற்கரையின் கதைகளை நோக்குங்கால், வலையின் கண்கள் பெரிதாக இருந்தனவோ என்னும் ஐயம் எழுகிறது.

தொண்டிக்கும் தேவிபட்டினத்துக்கும் இடையே, பாக் நீரிணையின் ஓரத்தில், அலையாத்திக் காடு சூழ்ந்த மீனவர் ஊர் காரங்காடு. படகேறிக் காட்டைக் கண்டு, மீனும் நண்டும் உண்டு திரும்பும் சுற்றுலாப் பயணிகள் அதனை நன்கு அறிவர். அவ்வூரை நடுவாக வைத்துச் சுற்றிலும் பார்ப்போம். தெற்கே தேவிபட்டினத்தில் கடலுக்குள் நிற்கும் ஒன்பது கற்களை இராமர் நட்டார் என்பர். உள்நாட்டில் ஓரியூர் மணல் சிவந்திருப்பது, 1693-இல் அங்கே கொல்லப்பட்ட பாதிரியார் ஜான் டி பிரிட்டோவின் குருதியால் என்பர். வடக்கே பாசிப்பட்டினத்தில் நெய்னா முகமது ஒலியுல்லாஹ்வின் தர்காவுக்கு எல்லாச் சமயத்தாரும் வந்து செல்கின்றனர். இராமேசுவரத்தில் ஆபில், காபில் இருவருடைய கபுர்கள் என்று காட்டப்படும் நெடிய அடக்கத்தலங்கள் உள்ளன. கடலுக்கு அப்பால், ஆதம் (அலை) அவர்களின் பாதம் பதிந்ததாகச் சொல்லப்படும் மலை. 1344-இல் அம்மலை ஏறிய இப்னு பதூதா, அதற்கு இரு வழிகள் உண்டென்றும், அவற்றுள் ஒன்று 'பாபா'வின் வழி, மற்றொன்று 'மாமா'வின் வழி என்றும், அவை ஆதமையும் ஹவ்வாவையும் குறிப்பன என்றும் எழுதிவைத்தார். இத்தனை செறிவாகக் கதைகள் விளைந்த கரைகள் உலகில் அதிகம் இரா.

இவற்றுள் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு அந்நூல்களின் முறையைச் சோதிப்போம். கீழக்கரைச் சீதக்காதியைத் தமிழர் அனைவரும் அறிவர். ஷைகு அப்துல் காதிர் மரைக்காயர் என்னும் அவ்வள்ளல் மறைந்த பின்னர் ஒரு புலவர் வந்தார். கொடுத்த கை மண்ணுக்குள் போயிற்றே என அடக்கத்தலத்தில் நின்று பாடிக் கலங்கினார். அப்போது கபுரிலிருந்து நீண்டு வந்த கையில் மோதிரம் இருந்தது என்பது கதை. அப்புலவர் படிக்காசுப் புலவர் என்றும் கூறுவர். தாம்சனின் அடைவில் இறந்தோர் பற்றிய கூறுகளுக்கு ஓர் எழுத்தும், குணநலன்களுக்கு மற்றோர் எழுத்தும் ஒதுக்கப்பட்டிருக்கின்றன. சீதக்காதியை இவ்விரண்டு பெட்டிகளுள் எதிலும் இடலாம். இட்டதும் ஆய்வு முடிந்துவிடுகிறது. நமக்கோ அங்கேதான் தொடங்குகிறது.

அரபு மரபு இக்கதைக்கு ஓர் உடன்பிறப்பை வைத்திருக்கிறது. ஹாத்திம் தாயீயின் அடக்கத்தலத்தருகே ஒரு கூட்டத்தார் இரவு தங்கினர். அவர்களுள் ஒருவர், இறந்தவரே, எமக்கு விருந்திடும் எனக் கேலியாகக் கேட்டார். உறங்கியபோது ஹாத்திம் கனவில் வந்து அவருடைய ஒட்டகத்தை அறுக்கக் கண்டார். விழித்துப் பார்த்தால் ஒட்டகம் வீழ்ந்து கிடந்தது. கூட்டத்தார் அதனை உண்டனர். பின்னர் ஹாத்திமின் மைந்தர் அதீ வேறோர் ஒட்டகத்துடன் வந்து, தந்தை கனவில் தோன்றி ஈடு செய்யச் சொன்னதாகக் கூறினார். அதீ பிற்காலத்தில் நபித்தோழர்களுள் ஒருவரானார் என்பதைக் கற்றோர் அறிவர்.

இரண்டு கதைகளிலும் இறந்தவர் ஈகிறார். ஒப்பியலார் இவ்வளவில் மகிழ்ந்து நிற்பர். நாம் வேற்றுமையை நோக்குகிறோம். ஹாத்திம் பசிக்கு ஈகிறார். பாலைவனத்தில் விருந்தோம்பல் உயிர்காக்கும் கடமை. சீதக்காதி பாட்டுக்கு ஈகிறார். புலவரின் பாடலைப் பரிசிலின்றி விடலாகாது என்பது குமணன் காலந்தொட்டு வந்த தமிழ் அறம். வறிய புலவர்க்குக் கொடுக்க வேறொன்றும் இல்லாதபோது தன் தலையைக் கொய்துகொள்ளுமாறு வாளை நீட்டியவன் குமணன். அந்த வாளுக்கும் இந்த மோதிரத்துக்கும் உள்ள உறவு, ஹாத்திமின் ஒட்டகத்துக்கும் மோதிரத்துக்கும் உள்ள உறவைவிட நெருக்கமானது என்பதே நம் கருத்து. அரபுக் கதை மரைக்காயர்களின் கப்பலேறி வந்திருக்கவும் கூடும். வந்திருந்தாலும் கரையிறங்கியதும் அது தமிழ்ப் புலவனின் கதையாகிவிட்டது. அடைவு நூல் இழப்பது இந்த உருமாற்றத்தைத்தான்.

வரலாற்றாசிரியர்கள் இதில் மேலான வழி காட்டியுள்ளனர். டேவிட் ஷுல்மனும் சஞ்சய் சுப்ரமணியமும் 1993-இல் வெளியிட்ட கட்டுரை, சீதக்காதியைச் சேதுபதியின் அரசியலுக்கும் துறைமுக வணிகத்துக்கும் நடுவே வைத்துக் காண்கிறது. அவ்வழியில் இன்னோர் உண்மையும் புலனாகிறது. சீதக்காதிக்கு ஆதரவளித்ததாக மரபு கூறும் கிழவன் சேதுபதியின் ஆட்சியிலேதான் ஓரியூர்க் கொலையும் நிகழ்ந்தது. சில மணி நேரப் பயணத் தொலைவில், ஒரே மன்னரின் காலத்தைச் சுற்றி, ஒரு முஸ்லிம் வள்ளலின் கதையும் ஒரு கிறித்தவரின் உயிர்த்தியாகக் கதையும் விளைந்தன. இரண்டையும் ஒரே நூலில் வைத்துப் படிக்கும் வாய்ப்பைச் சமயவாரியாகப் பிரித்துத் தொகுக்கும் நூல்கள் தருவதில்லை.

நம்மவரிடையிலும் ஒரு குறையுண்டு. ஒரு சாரார் இத்தகைய கதைகளை எழுத்துக்கு எழுத்து வரலாறாகக் கொள்கின்றனர். மற்றொரு சாரார் பொய் என்று கூறி நாவால் தீண்டவும் மறுக்கின்றனர். இரு சாராரும் மறந்த ஒரு கருவி நம் தஃப்ஸீர் மரபிலேயே இருக்கிறது. வேதக்காரர்களிடமிருந்து வந்த இஸ்ராயீலிய்யாத் செய்திகளை இப்னு கஸீர் மூவகையாகப் பகுத்தார். நம் மூலங்கள் மெய்ப்பிப்பவை ஒரு வகை; அவை மறுப்பவை இன்னொரு வகை; இரண்டுமல்லாதவற்றை எடுத்துரைக்கலாம், மெய்யென நம்பவும் வேண்டா, பொய்யென மறுக்கவும் வேண்டா. இம்மூன்றாம் வகை இலக்கியத் திறனாய்வுக்கு எவ்வளவு இடந்தருகிறது! திருக்குர்ஆனின் ஐந்தாம் அத்தியாயம் ஆதமின் இரு மைந்தரின் வரலாற்றைச் சொல்கையில் அவர்களின் பெயரையும் இடத்தையும் சுட்டவில்லை; நிலத்தைக் கிளறி, உடலை மறைக்கும் முறையைக் காட்டிய காகத்தையே சுட்டுகிறது. மனிதகுலத்தின் முதல் அடக்கம் பற்றிய அச்செய்தியைக் கேட்ட நம் முன்னோர் இராமேசுவரத்தில் அதற்கு இரு கபுர்களைக் கண்டனர். அக்கபுர்களின் மெய்மையைவிட, சகோதரக் கொலையின் நினைவைத் தம் ஊர் மண்ணிலேயே வைத்துக்கொள்ள அவர்கள் விரும்பியதே நமக்கு ஆய்வுப்பொருள்.

இதற்கு முன்னோடி அல்பீரூனி. 1030-ஐ ஒட்டி எழுதிய இந்திய நூலில் அவர் சேதுபந்தத்தைத் தசரதர் மகன் இராமர் கட்டிய அணை என்றே குறிக்கிறார். தம் காலத்தில் அது தனித்தனிக் குன்றுகளாய் நிற்க, இடையே கடல் ஓடுவதையும் சொல்கிறார். எள்ளலும் இல்லை, ஏற்பும் இல்லை. இந்நிதானம் பிற்காலத்தில் வாய்க்கவில்லை. 2007-இல் சேது சமுத்திரக் கால்வாய் வழக்கில், இராமாயணப் பாத்திரங்களுக்கு வரலாற்றுச் சான்றில்லை என்ற வாக்குமூலம் உச்ச நீதிமன்றத்தில் தாக்கலாகி, எதிர்ப்புக்குப் பின் திரும்பப் பெறப்பட்டது. தொன்மத்தைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினால் அது இரு தரப்பாருக்கும் பயன்படாமற் போகும்.

புனைகதையாளர் கதைகளை வேறுவிதமாக நடத்துகின்றனர். நஜீப் மஹ்ஃபூஸ் 1979-இல் எழுதிய ஆயிரத்தோர் இரவுகள் நாவல், ஷஹ்ரஸாத் கதை சொல்லி முடித்த மறுநாளிலிருந்து தொடங்குகிறது. அதிலே ஒரு ஜின் வணிகர் ஒருவரைக் கொலைக்கு ஏவுகிறது. வாசகரின் கவனமோ ஜின்னைவிட வணிகரின் மனச்சான்றின்மேல் குவிகிறது. கேம்பலும் ஆயிரத்தோர் இரவுகளிலிருந்து கமருஸ்ஸமான் கதையை எடுத்தாண்டவர். ஆனால் அவர் கையில் அது பொதுவிதிக்கு ஓர் எடுத்துக்காட்டு. மஹ்ஃபூஸின் கையில் ஜின் கெய்ரோவின் அரசியலைப் பேசுகிறது.

தமிழில் தோப்பில் முஹம்மது மீரானின் 'ஒரு கடலோரக் கிராமத்தின் கதை' (1988) இவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கது. ஊரார் அச்சத்தைத் தம் வருவாயாக்கும் தங்ஙளை அவர் இரக்கமின்றிக் காட்டினார். அக்கதைகளை நம்பிய எளியோரை மட்டும் அவர் இகழவில்லை; அவர்களின் பேச்சிலேயே அவற்றைச் சொல்லவிட்டார். நாவல் வெளிவந்த காலத்தில் இவ்வேறுபாட்டைக் காணாது சினந்தோர் நம்முள் உண்டு. ஜோ டி குரூஸின் 'ஆழி சூழ் உலகு' (2004) பரதவரின் கத்தோலிக்க வாழ்வுக்கு அடியில் கிடக்கும் பழைய கடல்தாயின் நினைவை அதே பரிவுடன் எழுதியது. காரங்காட்டுக் கரையினர்க்கு அந்நூல் அயலாகத் தோன்றாது.

சீதக்காதிக்கு இத்தகைய நாவல் வாய்த்திலது. 2018-இல் 'சீதக்காதி' என்ற பெயரில் ஒரு திரைப்படம் வந்தது. இறந்த நாடகக் கலைஞர் ஒருவரின் கலை பிறர் உடலேறித் தொடர்வதே அதன் கதை. கருத்து நயமானது, இறந்தபின்னும் ஈதல் என்னும் கருவை இயக்குநர் நன்கு உணர்ந்திருக்கிறார். ஆயினும் அதில் கீழக்கரை இல்லை, மரைக்காயர் இல்லை, முத்தும் மிளகும் ஏற்றிய கப்பல்கள் இல்லை, பரிசில் பெற வந்து அடக்கத்தலத்தில் நின்ற புலவரும் இல்லை.