இடம் கொடுக்கும் கனம்: டாரத்தி கிராஸின் சடங்குக் கலை

அயர்லாந்தின் சமகாலக் கலைஞர்களில் டாரத்தி கிராஸைப் போல் சடங்கை இவ்வளவு விடாப்பிடியாகத் தொட்ட வேறொருவர் இருப்பாரா என்பது ஐயமே. 1956இல் கார்க் நகரில் பிறந்து, இப்போது மேற்குக் கரையில் கானமாராவில் வாழும் இவர், 1993இல் வெனிஸ் பினாலேயில் தம் நாட்டின் சார்பில் பங்கேற்றவர். மரபு, நிலம், சடங்கு மூன்றும் கூடும் இவருடைய படைப்புகளை ஒருசேரப் பார்த்தால் ஒன்று தெளிவாகிறது: ஓர் இடத்தின் வரலாறு தோள்கொடுக்கும்போது இவருடைய சடங்கு உயிர்பெறுகிறது, பொருளின் அழகை மட்டும் நம்பும்போது அலங்காரமாகிவிடுகிறது.

முதலில் பலத்தைப் பார்ப்போம். நார்வேயில் ஓர் அருங்காட்சியகத்தில் பசுமடியால் செய்த சல்லடையைக் கண்டதிலிருந்து பிறந்தது இவருடைய பசுத்தோல் வரிசை. அதில் 1993இல் செய்த 'வர்ஜின் ஷ்ரௌட்' இன்று டேட் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மாதா சுரூபம் போல நிற்கும் உருவத்தைப் பசுத்தோல் போர்த்தியிருக்கிறது. மடியின் காம்புகள் தலையில் கிரீடமாக நிமிர்ந்து நிற்க, கீழே பாட்டியின் திருமணப் பட்டு வழிகிறது. பெண்ணின் வாழ்க்கை வீட்டுக்குள் என்று 1937ஆம் ஆண்டு அரசியல் சாசனத்தில் எழுதிவைத்த நாடு அது. விவாகரத்துத் தடை நீங்க 1995இன் பொதுவாக்கெடுப்பு வரை காத்திருந்த நாடு. கன்னி, மணமகள், கறவைப் பசு என்று அந்நாடு பெண்ணுக்கு வகுத்த மூன்று இடங்களையும் ஒரே உடலில் நிறுத்தியது இந்தச் சிற்பம். கேலி இருக்கிறது, அதனடியில் பாட்டியின் மீதான மரியாதையும் இருக்கிறது. அந்த இரட்டைக் குரல்தான் இதைப் பிரச்சாரத்திலிருந்து காப்பாற்றுகிறது.

பணியிலிருந்து விலக்கப்பட்ட ஒரு விளக்குக் கப்பலுக்கு ஒளிரும் பூச்சு பூசி, 1999இல் டப்ளின் விரிகுடாவில் டன் லேரி அருகே நிறுத்தினார். புற ஊதா விளக்கு எரிந்து அணையும். கப்பல் இருளில் பச்சையாக ஒளிர்ந்து மெல்ல மங்கும். மறுபடி விளக்கு எரியும். கரையில் நின்று பார்த்தவர்களுக்கு அது விளக்குக் கப்பல் தொழிலுக்குச் செய்த இறுதி மரியாதை.

2004இல் வலென்சியா தீவில் நடந்த 'ஸ்டாபாட் மாட்டர்' இவருடைய உச்சம் என்பேன். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திறக்கப்பட்ட ஸ்லேட் குவாரி அது. அதன் வாயிலில், மாதா ஆண்டான 1954இல் அமைத்த கெபி இருக்கிறது. 1736இல் பெர்கொலேசி இசையமைத்த, அதே பெயருள்ள வியாகுல மாதா கீதத்தைக் குவாரியின் குகைக்குள்ளேயே பாடவைத்தார் கிராஸ். கல் உடைத்தவர்களின் உழைப்பும் ஊராரின் பக்தியும் அங்கே ஏற்கெனவே படிந்திருந்தன. கலைஞர் புதிதாகப் புனிதம் எதையும் கொண்டுவர வேண்டியிருக்கவில்லை. இருந்ததைக் கேட்கவைத்தார், அதுவே போதுமானதாக இருந்தது.

இனி குறைகள். முதலாவது, பொருளின் கவர்ச்சியில் மயங்குவது. 2013இல் மேற்குக் கரையின் மரபுப் படகான கரக்கின் சட்டத்தின்மேல் மேய்சுறாவின் தோலைப் போர்த்தினார். பார்த்தவுடன் ஈர்க்கும் படைப்பு. ஆனால் அதே கரையில் அக்கில் தீவில், 1947 முதல் 1975 வரை ஈரல் எண்ணெய்க்காக 12,000க்கும் மேற்பட்ட மேய்சுறாக்கள் கொல்லப்பட்டன. அந்த வேட்டையில் வயிறு வளர்த்தவர்களும் அழிந்த உயிர்களும் படகில் தெரிவதில்லை. தோலின் மினுக்கம்தான் தெரிகிறது. விலங்கின் உடலையும் மனிதர் செய்த பொருளையும் ஒட்டி அதிர்ச்சி தரும் உத்தி, திரும்பத் திரும்ப வரும்போது வாய்பாடாகிவிடுகிறது.

இரண்டாவது, குரல் பற்றியது. 1999இல் கால்வேயில், சுவரில் கையால் பந்தடித்து ஆடும் ஐரிஷ் ஆட்டத்துக்கான, கைவிடப்பட்ட இரண்டு களங்களில் 'கயாஸம்' நிகழ்ந்தது. இனிஷ்மோர் தீவின் இயற்கைக் குளமான 'பொல் நா பேஷ்ட்' படமாகத் தரையில் விழ, ஓர் ஆணும் பெண்ணும் சுவருக்கு இருபுறமும் ஆபரா பாடினார்கள். களம் அயர்லாந்துடையது, குளம் அயர்லாந்துடையது. பாட்டு மட்டும் ஐரோப்பிய ஆபரா. வலென்சியாவில் பாடியதோ லத்தீன். ஐரிஷ் மொழியின் ஒப்பாரி மரபு இவரிடம் பெரும்பாலும் ஒலிப்பதில்லை. இவர் தலைமுறையைச் சேர்ந்த அலானா ஓ'கெல்லி, அயர்லாந்தின் பெரும் பஞ்சத்தைப் பற்றிய படைப்புகளில் அந்த ஒப்பாரியையே கையிலெடுத்தார். அவரோடு ஒப்பிட்டால் கிராஸின் மேற்குக் கரை பலசமயம் பாறையும் கடலும் மட்டுமாக, பஞ்சத்தையும் புலப்பெயர்வையும் கண்ட மக்கள் நீங்கிய நிலமாகத் தோன்றுகிறது.

நிகழ்ந்து முடியும் கலைக்கே உரிய சிக்கலும் உண்டு. கப்பலும் குவாரிப் பாட்டும் இன்று படச்சுருளிலும் புகைப்படத்திலும்தான். ஆனால் இதைப் பெரிய குறையாக நான் எண்ணவில்லை. சடங்கு என்றாலே நேரில் நின்றவர்களுக்கு உரியதுதானே.

அண்மையில் 'கின்ஷிப்' திட்டத்தில், கார்க் பல்கலைக்கழகக் கல்லூரியில் பல்லாண்டு கிடந்த எகிப்திய மம்மி ஒன்றைத் தாய்நாட்டுக்குத் திருப்பும் முயற்சியில் கிராஸ் ஈடுபட்டார். அனுப்புவதாக 2022இல் பல்கலைக்கழகம் அறிவித்தது. காட்சிப் பொருளாகிவிட்ட ஒருவரை மறுபடி இறந்த மனிதராக மதிக்கும் செயல் இது. சுறாத்தோல் படகில் விடுபட்ட மனிதர் இங்கே நடுவில் வந்துவிடுகிறார். கிராஸின் பெயர் நிலைக்கப்போவது கூடத்தில் மினுங்கும் பொருள்களால் அல்ல. குவாரியாலும் கப்பலாலும் இந்தத் திருப்பி அனுப்பலாலும்தான்.