சக்கரமும் மட்டையும்

பழைய ஐபாடில் பாட்டுக் கேட்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அதில் விளையாடும் சுகம் தெரிந்தவர்கள் குறைவு. ராக்பாக்ஸ் என்ற இலவச மென்பொருளை ஏற்றிவிட்டால், 2005-இல் வந்த ஐந்தாம் தலைமுறை ஐபாடில்கூட சுடோகு, சதுரங்கம், பாம்பு ஆட்டம் என்று ஒரு பட்டியலே விரியும். மென்பொருளை ஏற்றக் கணினியோடு கம்பியை இணைத்ததும் உள்ளே வட்டு மெல்ல முனகிச் சுழலத் தொடங்குகிறது. அந்த மெல்லிய அதிர்வு உள்ளங்கை வரை வருகிறது. ஆட்டங்கள் பெரும்பாலும் மென்பொருளோடு சேர்ந்தே வந்துவிடும். டூம் என்ற சுடும் ஆட்டத்தை ஆடத்தான் கொஞ்சம் பொறுமை வேண்டும்: அதற்குரிய கோப்பைத் தேடியெடுத்து, சொன்ன பெயரில், சொன்ன கோப்புறையில் வைக்க வேண்டும்.

எனக்குப் பிடித்தது பிரிக்மேனியா. செங்கல் அடுக்கைப் பந்தால் உடைக்கும் எளிய ஆட்டம்தான். ஆனால் கட்டைவிரல் ஐபாடின் வழவழப்பான சக்கரத்தில் வட்டமாகப் போக, திரையில் மட்டை நேர்க்கோட்டில் நகர்கிறதே, அந்த இசைவு வேறெதிலும் கிடைப்பதில்லை. நகம் படாமல், சதை மட்டும் பட வருடினால் பந்தின் கோணத்தை மயிரிழையில் மாற்றலாம். காதில் பாட்டு பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கும். டூமுக்கு இந்தச் சக்கரம் அவ்வளவாக ஒத்துழைப்பதில்லை. ஒரே நேரத்தில் நடக்கவும் திரும்பவும் சுடவும் பொத்தான்கள் போதாது. அப்படியும் ஆடமுடிகிறது என்றால், ராக்பாக்ஸ் ஓடும் ஒவ்வொரு கருவியின் பொத்தான்களுக்கும் ஏற்றபடி ஒவ்வோர் ஆட்டத்தையும் தனித்தனியாகப் பொருத்திக் கொடுத்த தன்னார்வலர்களின் கைவேலை அது.