முடிச்சில் முளைத்த சிற்பம்

'நூல்' என்னும் தமிழ்ச்சொல் இழையையும் ஏட்டையும் ஒருங்கே குறிக்கும். இவ்வொற்றுமையை நன்னூற் பாயிரம் விரித்துரைக்கின்றது. அங்கே சொல்லுக்குப் பஞ்சும், புலவனுக்கு நூற்கும் பெண்ணும், அவன் அறிவுக்கு அவள் கையாளும் கதிரும் ஒப்பாகக் காட்டப்படுகின்றன. புலவனுக்கு உவமையாகப் பருத்தி நூற்கும் பெண்ணைக் கொண்ட மொழி நம்முடையது. ஆயினும், ஏட்டு நூலுக்கு அளித்த சிறப்பை இழை நூலுக்கு நாம் அளித்தோமா? எழுதியவனைக் கலைஞன் என்றோம். நூற்றவளையும் முடைந்தவளையும் கைவேலைக்காரி என்று ஒதுக்கினோம். இத்தீர்ப்பை மறு ஆய்வுக்குக் கொணர்பவை மிருணாளினி முகர்ஜியின் படைப்புகள்.

அவர் 1949இல் மும்பையில் பிறந்தவர். தந்தை சாந்திநிகேதனத்து ஓவியர் பினோத் பிகாரி முகர்ஜி. தாய் லீலா, சிற்பி. தந்தையார் 1957இல் கண் அறுவைக்குப்பின் பார்வையை முற்றும் இழந்தார். ஆயினும் கைத்தடவலைக் கொண்டே கலைப்பணியைத் தொடர்ந்தார். கண் காணாததைக் கை காணும் என்னும் உண்மையை அம்மகள் இல்லத்திலேயே கண்டு வளர்ந்தார்.

பின்னர் பரோடாவின் மகாராஜா சாயாஜிராவ் பல்கலைக்கழகத்தில் அவருக்கு ஆசிரியராக வாய்த்தவர் கே. ஜி. சுப்பிரமணியன். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று, விடுதலைப் போரில் சிறை புகுந்து, அதன்பின் சாந்திநிகேதனில் பினோத் பிகாரியிடமே கலை கற்றவர் அவர். தந்தையிடம் பெற்ற கல்வியை மகளுக்கு வழங்கினார் எனலாம். கைத்தறி வாரியத்திலும் பணியாற்றிய அவர், கைவினைக்கும் கலைக்கும் இடையே சுவர் எழுப்ப மறுத்தவர்.

1970களில் மிருணாளினி கையிலெடுத்த பொருள் கடைத்தெருவில் கிடைக்கும் சணற்கயிறு. அதற்குச் சாயமேற்றி, உலோகச் சட்டத்திலிருந்து தொங்கவிட்டு, முடிச்சின்மேல் முடிச்சாக விரல்களாலேயே கட்டிச் சென்றார். தறியில்லை, ஊசியில்லை, முன்வரைந்த படமும் இல்லை. ஆளுயரத்தையும் கடந்து நிற்கும் ஓர் உருவம் முற்றுப்பெறப் பல மாதங்கள் ஆகும். கல்லில் வேண்டாததைக் களைவது சிற்பியின் வழி. இங்கோ இழையோடு இழை சேர்ந்து, செடி வளர்வதுபோல் உருவம் வளர்கின்றது. கயிற்றின் கனமே கீழ்நோக்கி இழுத்து அதற்கு மடிப்பும் தொய்வும் தருகின்றது.

மடகாஸ்கர் தீவின் நெசவுக் கலைஞர் மதாம் ஸோ (1956-2020) இங்கே ஒப்புநோக்கத் தக்கவர். அவர் தறியை விடாமல், செப்புக்கம்பியையும் செய்தித்தாளையும் ஒலிநாடாவையும் அதில் இழையாக்கினார். மிருணாளினியோ பழைய இழையை விடாமல் தறியைத் துறந்தார். இருவழியும் சென்று சேரும் முடிவு ஒன்றே: துணி உடுப்பதற்கு மட்டுமன்று, உணர்வதற்கும் உரியது.

'யக்ஷி' (1984), 'புஷ்ப்' (1993) முதலியவற்றில் மடிப்பு ஆடையா, இதழா, உடலா என்று பிரித்தறிய இயலாது. அம்மயக்கமே அவற்றின் ஆற்றல். சிலப்பதிகாரத்தில் மதுரைப் புறஞ்சேரியில் மாதரி பால்மடை கொடுத்து வணங்கிய இயக்கியை நாம் அறிவோம். தென்பாண்டிச் சீமையில் இன்றும் இசக்கி உண்டு. அஞ்சத்தக்கவளும் அணையத்தக்கவளுமாகிய அத்தாயை அறிந்த தமிழர்க்கு இந்த யக்ஷி அயலாள் அல்லள்.

குறையும் கூறுதல் வேண்டும். 'ருத்ரா', 'தேவி' போன்ற பெயர்கள் காண்போர் கண்ணைப் படைப்பைப் பாராமுன்னரே கட்டிவிடுகின்றன. ஆகம இலக்கணத்துக்கு உட்படாத உருவங்களுக்கு ஆகமத்துக்குரிய பெயர்கள் எதற்கு? மேலும், பிற்காலத்தில் அவர் வார்த்த வெண்கலப் படைப்புகளைச் சிலர் அவரது முதிர்ச்சி என்பர். அவை அழகியவையே. ஆயினும் வெண்கலத்தைச் சிற்பம் என்று உலகம் முன்பே ஒப்புக்கொண்டிருந்தது. கயிற்றை ஒப்புக்கொள்ளச் செய்தவர் அவர். அவருடைய பெருமை முடிச்சிலேயே நிற்கின்றது என்பது நம் துணிபு.

1994இல் ஆக்ஸ்போர்டு நவீன கலைக்கூடத்தில் அவரது தனிக்காட்சி நடைபெற்றது. தில்லி தேசிய நவீன கலைக்கூடம் அவருடைய வாழ்நாட் படைப்புகளைத் திரட்டி வைத்ததோ 2015 சனவரி இறுதியில். அது திறக்கப்பட்ட ஒரு வாரத்துக்குள், பிப்ரவரித் தொடக்கத்தில் அவர் மறைந்தார். 2019இல் நியூயார்க்கின் மெட் புரூயரில் மற்றொரு பெருங்காட்சி அமைந்தது. தாய்நாட்டின் முழு மதிப்பு அவர் நோயுற்றிருந்த இறுதி நாட்களில் வந்தது என்பது நம்மனைவருக்கும் உரிய நாணம்.

இக்கட்டுரையை இங்கே புனையில் வாழும் நம் குடும்பங்களுக்கு எழுதக் காரணம் உண்டு. நம் பாட்டிமார் வாழைநாரில் மல்லிகை தொடுத்தனர், உறி பின்னினர், கோலமிட்ட அதே விரல்களால் கூடை முடைந்தனர். அவ்விரல்களும் வரைபடம் கேட்டதில்லை. இன்று மண்டைக்குச் சென்று தொடுத்த பூவை வாங்கி வருகிறோம், அதில் பிழையில்லை. ஆனால் நம் பெண்மக்களுக்குத் திருக்குறளையும் தேவாரத்தையும் கற்பிக்க வகுப்பு நடத்தும் நாம், அம்முடிச்சைக் கற்பிக்க ஒரு மாலைப்பொழுதை ஒதுக்கியதில்லை. எல்லா முடிச்சும் சிற்பமாகிவிடாது. எல்லாச் செய்யுளும் காவியமாகிவிடாததுபோல. எனினும் செய்யுளறியா மொழியில் காவியம் தோன்றாது. முடிச்சறியா விரலில் சிற்பமும் தோன்றாது. ஏட்டு நூலைக் காக்கும் சங்கம் இழை நூலையும் காக்குமாக.