அகநானூற்றில் ஒரு சங்குத் துண்டு

மாதுங்காவில் நாங்கள் ஏழெட்டுப் பேர் ஞாயிறுதோறும் கூடிச் சங்க இலக்கியம் வாசிக்கிறோம். நான் புலவன் அல்லன், பாத்திர வியாபாரி. தமிழ் நானாகப் படித்துக்கொண்டது. குற்றம் இருந்தால் அன்பர்கள் பொறுத்தருள வேண்டும்.

சென்ற ஆண்டு அகநானூற்றின் 24ஆம் பாட்டை, ஆவூர் மூலங்கிழார் பாடியதை, விளக்கும் முறை எனக்கு வந்தது. 'வளை' என்ற சொல்லுக்கு 'வளையல்' என்று பொருள் சொல்லிவிட்டு மேலே போனேன். "என்ன கலர் வளையல், தாத்தா?" என்று ஒரு சிறுமி கேட்டாள். "எந்தக் கலரா இருந்தா என்னம்மா!" என்றேன். நண்பரின் மருமகள் வங்காளத்துப் பெண். கணவர் கேள்வியை மொழிபெயர்த்துச் சொன்னதும், அவள் தன் கையிலிருந்த வெள்ளைச் சங்கு வளையை நீட்டிக் காட்டினாள். எனக்கு வெட்கமாய்ப் போயிற்று.

கலர்தான் அங்கே உயிர். வளைகளை அறுத்தெடுத்த பிறகு மிஞ்சும் சங்கின் நுனியைப் போலிருக்கிறதாம், இன்னும் விரியாத பகன்றையின் முறுக்கிய வெள்ளை மொட்டு. கண்ணாடி வளையலை நினைத்தால் இந்த உவமையே செத்துப்போகும். புலவர் உவமைக்கு எடுத்தது வளையைக்கூட அன்று, பட்டறைக் கழிவை! என் கடையிலும் வெட்டுத்துண்டு சேரும். எடை போட்டு விற்போம். அதில் பூவைப் பார்த்தவர் யாரும் இல்லை.

அந்தச் சங்கை அறுப்பவன் வேள்வி செய்யாத பார்ப்பான் என்கிறது பாட்டு. நாமோ அவன் என்ன சாதி என்று வாதாடுகிறோம். அவன் கையிலிருந்த அரத்தைப் பார்ப்பதில்லை. 'திருவிளையாடல்' படத்தில் நக்கீரரைச் சங்கறுப்பவர் என்று ஏளனம் செய்வது நமக்குத் தெரியும். அந்தத் தொழில் எப்படி நடந்தது என்று கேட்டால் விழிக்கிறோம்.

தொழிலைப் பார்த்தவர் ஒரு வெள்ளைக்காரர். சென்னை மாகாண மீன்வளத் துறையில் இருந்த ஜேம்ஸ் ஹார்னெல் 1914இல் சங்கைப் பற்றித் தனி நூலே வெளியிட்டார். கொற்கையில் வாள் தடம் பதிந்த சங்குத் துண்டுகளைக் கண்டெடுத்தார். மன்னார் வளைகுடாச் சங்கு வங்காளம் போய், பிறை வடிவான கனத்த வாளால் அறுபட்டு வளையாவதை விவரித்தார். ஆனால் அவருக்கு இலக்கியம் தொழிலுக்கு ஒரு சான்று, அவ்வளவே. மூலங்கிழார் கழிவை ஏன் எடுத்தார் என்று கேட்க வேண்டியவர்கள் நாம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சங்கு ஓர் உயிர். கடலடி மணலில் ஊர்ந்து, புழுக்களைத் தின்று வாழ்வது. தொல்காப்பிய மரபியல் நந்தை ஈரறிவுயிர் என்கிறது. சங்கும் அதில் அடங்கும் என்பர் உரைகாரர். எங்கள் சமண நூல்களும் அதே கணக்குத்தான்: தொடுவுணர்வும் சுவையுணர்வும் உள்ள இரண்டறிவு உயிருக்குச் சங்கைக் காட்டும். போளூர்ப் பக்கம் திருமலையில் பெரிய உருவாக நிற்கும் நேமிநாதருக்கு அடையாளம் சங்கே. அதனால் இந்தப் பாட்டை ரசிக்கும்போதே எனக்கு மனம் கொஞ்சம் உறுத்துகிறது. வளையும் வந்தது, மொட்டும் வந்தது, உள்ளே இருந்த உயிர் பாட்டில் வரவில்லை. இதைப் புலவர் குறை என்று சொல்ல மாட்டேன். அவர் கண்டது பட்டறையை. தொல்காப்பியரையும் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் பாட்டு நமக்கு முழுதாகும்.

தாராவியிலும் செம்பூரிலும் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கும் பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். 'வளை' வரும் இடத்தில் என்னைப்போல் 'வளையல்' என்று தாண்டிப் போகாதீர்கள். பக்கத்து வீட்டு வங்காளத்து அம்மாவின் கையைக் காட்டுங்கள். அது ஓர் உயிரின் வீடாக இருந்தது, ஒருவன் உட்கார்ந்து அறுத்தது என்று இரண்டையும் சொல்லுங்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அந்தச் சிறுமியிடம் நானும் அப்படித்தான் சொன்னேன்.