'மிதி ஒலிம்பிக்': இதழின் பெயரும் சொல்லின் உரிமையும்

இதழ்களின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் தோன்றிய நாள், ஆசிரியர் பெயர், விலை, பக்க அளவு ஆகியவற்றைத் தொகுத்து அமைதி பெறுவர். இம்முறை எத்துணைக் குறையுடையது என்பதற்குப் பிரான்சு நாட்டு ரக்பி இதழாகிய 'மிதி ஒலிம்பிக்' நல்லதொரு சான்றாகும். அந்நாடு முழுவதற்கும் உரிய ரக்பி இதழென அது மதிக்கப்பெறுகின்றது. ஆயினும், அதன் பெயரில் நாட்டின் பெயரும் இல்லை. ரக்பி என்னும் சொல்லும் இல்லை. இவ்விரு இன்மைகளையும் ஆராயாது அவ்விதழின் வரலாற்றை எழுதுதல், பாயிரம் பாராது நூலுட் புகுவதை ஒக்கும்.

'மிதி' என்னும் பிரெஞ்சுச் சொல்லுக்கும் காலால் மிதித்தலைக் குறிக்கும் நம் சொல்லுக்கும் யாதோர் உறவும் இல்லை. அது நண்பகலையும் தென்றிசையையும் ஒருங்கே உணர்த்துவது. நண்பகலில் ஞாயிறு தெற்கே நிற்றலின், காலப்பெயர் திசைக்கு ஆயிற்று. நிலத்தின் மேடு பள்ளம் கொண்டு மேற்கு, கிழக்கு எனப் பெயரிட்ட மரபில் வந்த நமக்கு இஃது எளிதின் விளங்கும். பிரான்சின் தென்பகுதியே மிதி எனப்படும் நிலம். அதற்கு ஒக்சித்தான் என்னும் தனிமொழி உண்டு. அந்நிலத்தின் முதன்மை நகராகிய துலூசில் 1323இல் புலவர் எழுவர் கூடிக் கவியரங்கம் நிறுவினர். 1539இல் அரசாணையொன்று பிரெஞ்சினை நீதிமன்ற மொழியாக்கியபின், தென்மொழி படிப்படியே வீட்டுமொழியாகச் சுருங்கிற்று. இதழ் தோன்றியதும் அத்துலூசு நகரிலேயே. தலைநகராம் பாரிசில் அன்று என்பதை மறத்தல் ஆகாது.

இனி, ரக்பி தெற்கே பிறந்த ஆட்டமோ எனின், அன்று. ஆங்கிலேயர் வழியாக வடதுறைமுகங்களில் வந்திறங்கிப் பாரிசில் வளர்ந்தது அது. 1892இல் நடந்த முதல் நாட்டுப் போட்டியில் எதிர்த்து நின்ற இரு கழகங்களும் பாரிசைச் சேர்ந்தவை. நடுவராக நின்றவர் பின்னர் ஒலிம்பிக்கை உயிர்ப்பித்த கூபெர்த்தேன். 1899இல் போர்தோ நகரத்தார் வென்றபின் ஆட்டத்தின் நிலைக்களம் தெற்கே பெயரலாயிற்று. 1924இல் பாரிசையடுத்த கொலோம்பில் நடந்த ஒலிம்பிக் இறுதியாட்டத்தில் பிரான்சு அமெரிக்காவிடம் 17-3 எனத் தோற்றது. அதனோடு ரக்பி ஒலிம்பிக்கினின்று நீங்கியது. நீங்கி ஐந்தாண்டுகள் கழிந்தபின் பிறந்த இதழ் 'ஒலிம்பிக்' என்னும் பெயரைத் தாங்கிற்று. அக்காலத்தே அச்சொல் விளையாட்டுப் பொதுமையைச் சுட்டியது எனக் கொள்ளலாம். (2024இல் பாரிசிலேயே எழுவர் ஆட்டத்தில் பிரான்சு தங்கம் பெற்றபோது அப்பெயர் ஒருவாறு பொருளொடு பொருந்தியது, அது காலம் செய்த விளையாட்டு.)

முதல் இதழ் 1929 செப்டம்பர் 2, திங்கட்கிழமையன்று வெளிவந்தது. ஞாயிறு மாலை ஆடிய ஆட்டத்தைத் திங்கள் காலை படித்தல் என்பது அந்நாட்டுச் சிற்றூர்க் காப்பிக்கடைகளின் வழக்கமாயிற்று. மஞ்சள் நிறத் தாளால் 'மஞ்சள்' என்றும், பெயர் மருவி 'மிதோல்' என்றும் அதனை அழைத்தனர். மரூஉப் பெயர் பெறுதல் மக்கள் ஏற்றுக்கொண்டதன் அறிகுறி.

அவ்வாண்டின் தன்மையை நாம் கூர்ந்து நோக்குதல் வேண்டும். நான்கு திங்களுக்கு முன்னரே கிய்யான் என்னும் சிற்றூர் நாட்டு வாகையைச் சூடியிருந்தது. அங்குத் தொப்பி ஆலை நடத்திய பூரெல் என்பார் பொருள் செலவிட்டு வெளியூர் ஆட்டக்காரரை வரவழைத்து அணியை ஆக்கினார். ஊதியமின்றி ஆடுதலே அறம் எனச் சட்டம் கூறிய காலம் அது. 1931இல் முன்னணிக் கழகங்கள் சில கூட்டமைப்பைவிட்டுப் பிரிந்தன. ஊதியமும் வன்முறையும் காரணம் காட்டிப் பிரித்தானியத் தீவினர் பிரான்சுடன் ஆடுதலை நிறுத்தினர். கிய்யான் அணியில் ஆடி வாகை சூடிய ழான் கலியா பின்னர்க் கூட்டமைப்பால் விலக்கப்பட்டு, 1934இல் ஊதியத்தை வெளிப்படையாக ஏற்கும் பதின்மூவர் ரக்பியைப் பிரான்சில் நாட்டினார். அதுவும் தென்னிலத்திலேயே வேரூன்றிற்று. ஆகவே, மிதி முழுவதும் பதினைவர் ஆட்டத்தின் நிலம் என்று கூறுவது பாதி உண்மையே.

மறுபாதி என்னாயிற்று? 1941 டிசம்பரில் விஷி அரசு ஆணையொன்றால் பதின்மூவர் ஆட்டக் கூட்டமைப்பைக் கலைத்து, அதன் உடைமையைப் பறித்தது. போர் முடிந்து அமைப்பு மீண்டெழுந்தபோதும் 'ரக்பி' என்னும் சொல்லை ஆளும் உரிமை அதற்கு மறுக்கப்பட்டது. 'பதின்மூவர் ஆட்டம்' என்றே அது வழங்கப்பெற்றது. சொல் மீண்டது 1990களில்தான். நிலத்தைப் பறித்தால் வழக்காடலாம். சொல்லைப் பறித்தாலோ, வழக்கை எச்சொல்லால் எடுத்துரைப்பது? மொழி ஒடுக்கப்பட்ட நிலத்தில், அந்நிலத்தவர்க்குள்ளேயே ஒரு சாராரின் சொல் ஒடுக்கப்பட்டமை எம்மை வருத்துகின்றது.

பதினைவர் ஆட்டத்துக்கெனப் பிறந்த இதழ் பிறிதோர் ஆட்டத்தைப் பாடாமை குற்றமாகுமா என வினவலாம். ஆகாது, தன் பொருளைத் தானே வகுத்துக்கொள்ளும் உரிமை இதழுக்கு உண்டு. ஆனால், அதனை 'நாட்டு ரக்பியின் குரல்' என உரைக்கும் வரலாற்றாசிரியர்க்கு அவ்வுரிமை இல்லை. அவர் 'ரக்பி' என எழுதும்போதெல்லாம் சட்டம் செய்த ஒரு நீக்கத்தை இயற்கை போலக் காட்டிவிடுகின்றார். அந்நாட்டார் இத்தாலி, ஆத்திரேலியா என்னும் நாட்டுப் பெயர்களுக்குரிய ஈற்றினை முட்டை வடிவைக் குறிக்கும் சொல்லோடு புணர்த்தி, ரக்பி நிலத்துக்கு 'ஒவாலி' என வேடிக்கைப் பெயர் படைத்தனர். வரைபடத்தில் இல்லாத அந்நாட்டிற் பதின்மூவர்க்கும் குடியுரிமை உண்டன்றோ? அவர்தம் பந்தும் முட்டை வடிவினதே.

1951இல் புயிக்-ஓபேர் முதலிய பதின்மூவர் ஆட்டத்தார் ஆத்திரேலியா சென்று, மூன்று ஆட்டங்கொண்ட தொடரை 2-1 என வென்று மீண்டனர். அவ்வாண்டின் மஞ்சள் தாள்களில் அவ்வெற்றிக்கு எத்துணை இடம் தரப்பட்டது, எப்பெயரால் அது சுட்டப்பட்டது என வரிவரியாக எண்ணிக் காண்பதே இவ்விதழை ஆராய்வார் முதற்கண் செய்தற்குரிய பணி.