யாரைப் பார்த்துப் பாடுகிறது?

கோரிக்கைப் பாட்டு என்றதும் 'அது கட்சிக்காரங்க சமாச்சாரம்' என்று எழுந்து போகிறவர்களைச் சிவகாசிக் கலை இரவுகளிலேயே பார்க்கிறேன். எரிச்சலாக இருக்கிறது. உட்காருங்கள். பறைக்கு உடம்பைக் கொடுங்கள். முன்குரல் எங்கே விடுகிறது, பின்குரல் எங்கே பிடிக்கிறது என்று கவனியுங்கள். அடிப்படை அவ்வளவுதான். மீதி எல்லாம் ஒரே கேள்வி: பாட்டு யாரைப் பார்த்துப் பாடுகிறது?

குடிக்கு எதிரான பாட்டில் ஒரு வகை குடிகாரனைப் பார்த்துப் பாடும். தாலி, பிள்ளைகள், கண்ணீர். இன்னொரு வகை கடை நடத்துகிறவரைப் பார்த்துப் பாடும். 2003 முதல் இங்கே சில்லறை மதுக்கடை நடத்துவது அரசின் டாஸ்மாக். பாடகர் கோவனின் 'மூடு டாஸ்மாக்கை மூடு' இந்த இரண்டாம் வகை. 2015 அக்டோபர் 30 அன்று திருச்சியில் அவரைக் கைது செய்து, தேசத்துரோகப் பிரிவு 124-ஏ போட்டார்கள். குடிகாரனுக்குப் புத்தி சொல்லிப் பாடி யாராவது சிறைக்குப் போயிருக்கிறார்களா? 1956-ல் விருதுநகரில் உண்ணாவிரதம் இருந்து உயிர்விட்ட சங்கரலிங்கனாரின் 12 கோரிக்கைகளில் மதுவிலக்கும் உண்டு. அவரும் அரசைப் பார்த்துத்தான் கேட்டார்.

எதிர்ப்பக்கமும் போய்க் கேளுங்கள். கஞ்சாவைச் சட்டபூர்வமாக்கக் கோரும் அமெரிக்காவின் 'நார்மல்' அமைப்புக்கு ஆதரவாக, பல குழுக்கள் பாடிய 'ஹெம்பிலேஷன்' தொகுப்பு 1995-ல் வந்தது. அந்தக் கோரிக்கை உங்களுக்கு ஒப்புகிறதா என்பது வேறு விஷயம். காதுக்கு அது நல்ல பாடம். அதில் சைப்ரஸ் ஹில் குழுவின் பாட்டு போதையின் ஆசையைப் பாடுகிறது. தாளம் பிடிக்கும், ஆனால் சட்டம் செய்கிறவருக்கு அதில் வேலையே இல்லை. மேலோட்டம். அதே தொகுப்பில் சப்லைம் குழு பாடும் 'லீகலைஸ் இட்', பீட்டர் டோஷ் 1976-ல் தந்த பாட்டு. பெயரே கட்டளை. கோரிக்கை நேர் எதிர்தான். என்றாலும் கோவன் பாட்டுக்கு உடன்பிறப்பு இதுதான், சினிமாவில் உருகி உருகிக் குடிகாரனைத் திருத்துகிற பாட்டு அல்ல.

'பிரச்சாரம், கலை அல்ல' என்று எழுதும் விமர்சகர்கள் அந்த உருகல் பாட்டைத்தான் மனிதநேயம் என்று மெச்சுகிறார்கள். எவர் மீதும் படாமல் பாடுவது அவர்களுக்கு வசதி. பறையை அழகுக்கு மட்டும் ஏற்றி, கேள்வியை இறக்கி வைத்துவிடும் ஃபியூஷன் மோகமும் அப்படியே.

உங்களிடம் சொல்வதற்கென்ன, எங்கள் சிவகாசிப் பக்கத்தில் பாட்டு யாரைப் பார்க்கிறது என்பது உயிர்ப் பிரச்சினை. 2012 செப்டம்பரில் முதலிப்பட்டிப் பட்டாசு ஆலையில் முப்பதுக்கும் மேற்பட்டவர்கள் கருகினார்கள். அப்புறமும் எத்தனை விபத்து! ஒவ்வொன்றுக்குப் பிறகும் காதில் விழுவதெல்லாம் தொழிலாளியைப் பார்த்துத்தான்: மருந்தைப் பார்த்துக் கலக்கு, உராயாமல் இடி, அவசரப்படாதே. உரிமத்தை உள்குத்தகைக்கு விட்டவரை, ஓர் அறைக்கு இத்தனை பேர் என்ற விதியை மீறி ஆள் அடைத்தவரை, அதைப் பார்த்தும் கையெழுத்துப் போட்டவரைப் பார்த்து ஒரு பாட்டு வரட்டும். மெட்டு சுமாராக இருந்தாலும் பரவாயில்லை, சாத்தூரோ வெம்பக்கோட்டையோ எங்கே பாடினாலும் முன்வரிசையில் வந்து உட்காருவேன்.