ஈரச் சிமெண்டில் ஒரு குளம்பு

திண்டுக்கல்லில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் நின்றால் சிறுமலை தெரியும். ஊரில் வெயில் கொளுத்தும்போதும் அதன் உச்சியில் ஒரு துண்டு மேகம் கிடக்கும். காற்று பேகம்பூர் பக்கமிருந்து திரும்பினால் தோல் ஷாப் வாடை. அந்த மாடியில் உட்கார்ந்துதான் ஜெயமோகனின் 'காடு' நாவலை மூன்றாவது முறையாக முடித்தேன்.

2003இல் வந்த நாவல். மாமாவின் காண்டிராக்ட் வேலைக்காக மலைக்குப் போகிறான் கிரிதரன். கல்வெர்ட் கட்டுகிறார்கள். சிமெண்ட் காய்வதற்குள் ஒரு மிளா மிதித்துவிடுகிறது. எங்கள் பக்கம் கடமான் என்போம். பல வருடம் கழித்து, எதிலும் நிலைக்காமல் தோற்றுப்போனவனாக அவன் திரும்பி வரும்போதும் அந்தக் குளம்புத் தடம் அப்படியே பதிந்து கிடக்கிறது. அடடா, எப்பேர்ப்பட்ட தொடக்கம்!

காட்டுக்குப் போனவன் தேறி வந்தான் என்று எழுதுவது சுலபம். இவன் தேறவில்லை. மலைப்பெண் நீலியின் மேல் வந்த காதலும், எஞ்சினியர் ஐயர் சொல்லச் சொல்லக் கேட்ட கபிலரும் கொஞ்ச காலமே கூட இருந்தன. மிச்ச ஆயுள் அந்த நினைப்பிலேயே கழிகிறது. அதை மறைக்காமல் சொல்லும் துணிச்சலுக்காகவே இந்த நாவலை எனக்குப் பிடிக்கும். அதில் அசராத மனம் யாருக்கு என்று கேட்டால் நான் குட்டப்பனைத்தான் காட்டுவேன். யானை நடமாடும் காட்டில் கஞ்சி காய்ச்சிப் போட்டுக்கொண்டு, காடு முழுக்கத் தெரிந்தும் அதைப் பெருமையாக நினைக்காத ஆள்.

அதற்கு அடுத்துப் படித்த 'எரியும் பனிக்காடு' நாவலில் காட்டைத் தேடி யாரும் போகவில்லை. முன்பணம் கொடுத்து ஏமாற்றித் தோட்ட வேலைக்குக் கூட்டிப் போனார்கள். ஆனைமலைத் தோட்டங்களில் டாக்டராக இருந்த பி.எச். டேனியல், தொழிலாளர்கள் சொல்லக் கேட்டு 1969இல் ஆங்கிலத்தில் எழுதியது. இரா. முருகவேள் 2007இல் தமிழாக்கினார். திருநெல்வேலிச் சீமையின் வெயிலில் வளர்ந்த கருப்பனும் வள்ளியும் அட்டைக்கடியிலும் மலேரியாவிலும் விடாத மழையிலும் நாளைத் தள்ளுகிறார்கள். உழைக்க உழைக்கக் கடன் தீரவில்லை. காய்ச்சலைப் பற்றி எழுதும் இடங்களில் டேனியலின் கை தனியாகத் தெரிகிறது: நோயாளியின் பக்கத்திலேயே நின்று பார்த்தவரின் கை.

இரண்டையும் அடுத்தடுத்துப் படித்த பிறகு, சிறுமலை பஸ் கொண்டை ஊசி வளைவுகளில் ஏறும்போது எனக்குக் கண் மேகத்துக்குப் போவதில்லை. சாலையோரக் கல்வெர்ட்டுகளைப் பார்க்கிறேன். அவற்றுக்குச் சிமெண்ட் குழைத்தவர்கள் ராத்திரி எங்கே படுத்திருப்பார்கள்?